பல ஆய்வுகளிலிருந்து ஒரு விடை: மெட்டா பகுப்பாய்வின் கணக்கும் அதன் எல்லையும்

மாரடைப்பு ஏற்பட்டவரின் இதயத் தமனியை அடைத்து நிற்கும் இரத்தக் கட்டியை ஸ்ட்ரெப்டோகைனேஸ் என்ற மருந்து கரைக்கும். அப்படிக் கரைப்பதால் உயிரிழப்பு குறைகிறதா என்று அறிய 1959 முதல் 1988 வரை 33 சமவாய்ப்புச் சோதனைகள், அதாவது யாருக்கு மருந்து என்பதைக் குலுக்கல் முறையில் தீர்மானிக்கும் சோதனைகள், நடத்தப்பட்டன. மொத்தம் 36,974 நோயாளிகள் அவற்றில் சேர்க்கப்பட்டனர். பெரும்பாலான சோதனைகள், தனியே எடுத்துப் பார்த்தால், எதையும் உறுதியாகச் சொல்லவில்லை. 1992-இல் ஜோசப் லாவ் தலைமையிலான குழு அச்சோதனைகளைக் கால வரிசையில் அடுக்கி, ஒவ்வொரு சோதனையும் முடிந்த நேரத்தில் அதுவரை கிடைத்த முடிவுகளையெல்லாம் சேர்த்திருந்தால் என்ன விடை வந்திருக்கும் என்று கணக்கிட்டது. 1973-ஆம் ஆண்டிலேயே, எட்டுச் சோதனைகளும் 2,432 நோயாளிகளும் மட்டுமே இருந்த நிலையில், மருந்து உயிர் காக்கிறது என்ற விடை கிடைத்துவிட்டது. அதற்குப் பிறகு நடந்த 25 சோதனைகளும் அவற்றில் சேர்க்கப்பட்ட 34,542 பேரும் அந்த விடையை மாற்றவில்லை. விடையைச் சுற்றியிருந்த ஐயத்தின் அகலத்தை மட்டுமே குறைத்தார்கள். அந்த 34,542 பேரில் கணிசமானோர் மருந்து தரப்படாத பிரிவில் இருந்தவர்கள்.

ஏற்கெனவே கையில் இருந்த விடை ஏன் கண்ணில் படவில்லை? முடிவுகளைத் தொகுப்பதற்குப் பெரும்பாலோர் கையாண்ட முறை ஒருவகையான வாக்கெடுப்பு என்பதே காரணம். பத்து ஆய்வுகளில் எத்தனை 'பயன் உண்டு' என்கின்றன, எத்தனை 'பயன் நிறுவப்படவில்லை' என்கின்றன என்று எண்ணி, எண்ணிக்கை கூடிய பக்கம் சாய்வது வழக்கமாக இருந்தது. இதில் உள்ள பிழை சற்று நுட்பமானது. சிறிய ஆய்வு ஒன்றுக்கு, உண்மையிலேயே இருக்கும் பயனைக் கண்டுபிடிக்கும் வாய்ப்பு 30 சதவீதம் மட்டுமே என்று வைத்துக்கொண்டால், அத்தகைய பத்து ஆய்வுகளில் ஏறத்தாழ மூன்று மட்டுமே வெற்றியைக் காட்டும், ஏழு கைவிரிக்கும். வாக்கெடுப்பில் தவறான விடைதான் வெல்லும். ஆய்வுகளின் எண்ணிக்கையைக் கூட்டினால் நிலைமை சீராகும் என்று எதிர்பார்ப்போம். ஆனால் ஒவ்வோர் ஆய்வும் இதே அளவு சிறியதாக இருக்கும்வரை, எண்ணிக்கை கூடக் கூடத் தவறான விடை கிடைப்பது மேலும் உறுதியாகிறது. இதை லாரி ஹெட்ஜஸும் இங்கிராம் ஓல்கினும் 1980-இல் கணிதவழியில் காட்டினார்கள். 'நிறுவப்படவில்லை' என்பதை 'இல்லை' என்று வாசிக்கும் பழக்கத்தின் விலை இது.

வாக்கெடுப்பு வேண்டாம், எல்லா ஆய்வுகளின் நோயாளிகளையும் ஒரே கூடையில் கொட்டி மொத்தக் கணக்கு எடுத்துவிடலாமே என்று அடுத்துத் தோன்றும். இது இன்னும் ஆபத்தானது. சிறுநீரகக் கல்லை அகற்றும் இரு முறைகளை ஒப்பிட்டு 1986-இல் வெளியான ஓர் ஆய்வின் எண்களைப் பாருங்கள். சிறிய கற்களில் திறந்த அறுவை சிகிச்சை 87 பேரில் 81 பேருக்கு, அதாவது 93 சதவீதம் பேருக்கு வெற்றி தந்தது. தோல்வழித் துளையிட்டு அகற்றும் முறை 270 பேரில் 234 பேருக்கு, அதாவது 87 சதவீதம். பெரிய கற்களில் முன்னது 263-இல் 192, அதாவது 73 சதவீதம். பின்னது 80-இல் 55, அதாவது 69 சதவீதம். இரண்டு வகைக் கற்களிலும் திறந்த அறுவை சிகிச்சையே முந்தி நிற்கிறது. ஆனால் இரண்டையும் கொட்டிக் கூட்டினால் திறந்த அறுவை சிகிச்சைக்கு 350-இல் 273, அதாவது 78 சதவீதமும், துளையிடும் முறைக்கு 350-இல் 289, அதாவது 83 சதவீதமும் வருகின்றன, முடிவு தலைகீழாகிவிடுகிறது. கடினமான பெரிய கற்கள் பெரும்பாலும் திறந்த அறுவை சிகிச்சையின் பங்குக்குப் போனதால் வந்த மயக்கம் இது. சிறிய கல், பெரிய கல் என்பதற்குப் பதில் முதல் ஆய்வு, இரண்டாம் ஆய்வு என்று எழுதிப் பார்த்தால், ஆய்வுகளை ஏன் ஒருபோதும் கரைத்துவிடக் கூடாது என்பது விளங்கும். ஒவ்வோர் ஆய்வுக்குள்ளும் சிகிச்சை பெற்றவர்களை அதே ஆய்வில் சிகிச்சை பெறாதவர்களோடு ஒப்பிட்டு, அந்த ஒப்பீட்டின் விளைவை மட்டுமே வெளியே எடுத்துச் சேர்க்க வேண்டும்.

இப்படிச் சேர்க்கும் மெட்டா பகுப்பாய்வில் மைய இடம் எடைக்குத்தான். கற்பனையான ஓர் எடுத்துக்காட்டு: ஒரு மருந்து இரத்த அழுத்தத்தை எவ்வளவு குறைக்கிறது என்று மூன்று ஆய்வுகள் அளக்கின்றன. முதலாவது 8 அலகு என்கிறது. அதன் திட்டப்பிழை, அதாவது தற்செயலால் விடை எவ்வளவு தள்ளாடக்கூடும் என்பதன் அளவு, 4. இரண்டாவது 5 என்கிறது, திட்டப்பிழை 2. மூன்றாவது, எல்லாவற்றிலும் பெரியது, 2 என்கிறது, திட்டப்பிழை 1. சாதாரணச் சராசரி எடுத்தால் 5 வரும். ஆனால் திட்டப்பிழை 4 கொண்ட ஆய்வின் சொல்லையும் 1 கொண்ட ஆய்வின் சொல்லையும் ஒரே தட்டில் வைப்பது நியாயமல்ல. எனவே ஒவ்வோர் ஆய்வுக்கும் அதன் திட்டப்பிழையின் வர்க்கத்தால் 1-ஐ வகுத்துக் கிடைக்கும் எண்ணை எடையாகத் தருகிறார்கள்: முதலாவதற்கு 0.0625, இரண்டாவதற்கு 0.25, மூன்றாவதற்கு 1. அளவை எடையால் பெருக்கிக் கூட்டினால் 3.75, எடைகளின் கூட்டுத்தொகை 1.3125; வகுத்தால் 2.86. இந்த விடையின் திட்டப்பிழை, எடைகளின் கூட்டுத்தொகையின் வர்க்கமூலத்தால் 1-ஐ வகுத்தால் கிடைப்பது, அதாவது 0.87. ஆகவே 95 சதவீத நம்பிக்கை இடைவெளி, அதாவது உண்மையான அளவு இருக்கக்கூடிய வீச்சு, 1.15 முதல் 4.57 வரை. சேர்ப்பதற்கு முன் மிகத் துல்லியமாக இருந்த ஆய்வின் திட்டப்பிழையைவிடவும் சேர்த்தபின் வரும் திட்டப்பிழை சிறியதாக இருப்பதைக் கவனிக்க வேண்டும். இந்த முறையின் கவர்ச்சி முழுவதும் அதில்தான் இருக்கிறது.

இந்தச் சிந்தனை மருத்துவத்தில் பிறந்ததல்ல. வெவ்வேறு துல்லியம் கொண்ட அளவீடுகளைச் சேர்க்கும் கலையை வானியலாளர்கள் 19-ஆம் நூற்றாண்டிலேயே பழகியிருந்தார்கள். மருத்துவத்தில் முதல் முயற்சியாகப் பொதுவாகச் சொல்லப்படுவது 1904-இல் கார்ல் பியர்சன் பிரிட்டிஷ் படைவீரர்களிடையே டைபாய்டு தடுப்பூசியின் பயனைப் பற்றிய பல தொகுதிகளின் எண்களைச் சேர்த்தது. 1930-களில் ரொனால்ட் ஃபிஷர் தனித்தனி ஆய்வுகளின் பி-மதிப்புகளை, அதாவது விளைவே இல்லாதபோதும் இவ்வளவு பெரிய வேறுபாடு தற்செயலாக வரும் வாய்ப்புகளை, சேர்க்கும் வழியைத் தந்தார். அது இன்றும் பயன்பாட்டில் இருக்கிறது. ஆனால் ஏதேனும் ஓர் ஆய்விலாவது விளைவு உண்டா என்பதைத்தான் அது சொல்லும், விளைவு எவ்வளவு என்பதைச் சொல்லாது. எடையிட்டுச் சேர்க்கும் முறையை வேளாண் சோதனைகளின் பின்னணியில் வளர்த்தெடுத்தவர் வில்லியம் காக்ரன்.

'மெட்டா பகுப்பாய்வு' என்ற பெயரை 1976-இல் சூட்டியவர் கல்வி உளவியலாளரான ஜீன் கிளாஸ். மறு ஆண்டு அவரும் மேரி லீ ஸ்மித்தும் உளவழிச் சிகிச்சை பற்றிய 375 ஆய்வுகளைச் சேர்த்து, சிகிச்சை பெற்றவர்கள் சராசரியாக 0.68 திட்டவிலக்க அளவு (திட்டவிலக்கம் என்பது மனிதர்களிடையே இயல்பாக உள்ள வேறுபாட்டை அளக்கும் அலகு) முன்னேறுகிறார்கள் என்று அறிவித்தார்கள். உளவழிச் சிகிச்சையை நம்பாத உளவியலாளர் ஹான்ஸ் ஐசென்க் இதை 'மகா அசட்டுத்தனம்' என்ற பொருள்படத் தலைப்பிட்ட குறிப்பொன்றில் சாடினார். குப்பையைப் போட்டால் குப்பைதான் வரும் என்பது அவர் வாதம். ஆப்பிளையும் ஆரஞ்சையும் கலக்கிறார்கள் என்றும் பலர் குறைகூறினார்கள். பழங்களைப் பற்றி ஆராய்பவன் இரண்டையும் கலக்கத்தான் வேண்டும் என்பது கிளாஸின் விடை. இரு தரப்பிலும் உண்மை இருக்கிறது என்றே எனக்குத் தோன்றுகிறது. ஆனால் ஆப்பிள் ஆரஞ்சுச் சண்டைக்கு ஓரளவு கணித வழி உண்டு, குப்பைக்கு இல்லை.

அந்தக் கணித வழியைப் பார்ப்போம். மேலே செய்த கணக்கு, மூன்று ஆய்வுகளும் ஒரே உண்மையான அளவைத்தான் தேடுகின்றன, அவற்றிடையே தெரியும் வேறுபாடு முழுவதும் தற்செயல் என்ற எடுகோளில் நிற்கிறது. இதை நிலைவிளைவு மாதிரி என்பார்கள். உண்மையில் நோயாளிகளின் வயதும் மருந்தின் அளவும் பின்தொடர்ந்த காலமும் ஆய்வுக்கு ஆய்வு மாறும். ஆகவே உண்மையான விளைவும் மாறக்கூடும். வேறுபாடு தற்செயலை மீறுகிறதா என்று காண, ஒவ்வோர் ஆய்வும் பொது விடையிலிருந்து விலகும் தூரத்தின் வர்க்கத்தை அதன் எடையால் பெருக்கிக் கூட்டுகிறோம். காக்ரனின் பெயரால் வழங்கும் இந்த அளவு நம் எடுத்துக்காட்டில் 3.54 வருகிறது. தற்செயல் மட்டுமே காரணமென்றால் ஆய்வுகளின் எண்ணிக்கையில் ஒன்று குறைவாக, அதாவது 2 அளவில், எதிர்பார்த்திருப்போம். மிகுதியான 1.54 மொத்தத்தில் 43 சதவீதம். ஜூலியன் ஹிக்கின்ஸும் சைமன் தாம்ப்சனும் 2002-இல் முன்வைத்த ஐ-ஸ்கொயர்டு என்ற அளவு இதுவே.

உண்மையான விளைவே ஆய்வுக்கு ஆய்வு மாறுகிறது என்று ஏற்றுக்கொண்டால், அந்த மாற்றத்தின் அளவையும் ஒவ்வோர் ஆய்வின் பிழையோடு சேர்த்து எடையைத் திருத்த வேண்டும். ரெபெக்கா டெர்சிமோனியனும் நேன் லெயர்டும் 1986-இல் தந்த வாய்ப்பாடு இதைச் செய்கிறது. சமவாய்ப்பு விளைவு மாதிரி என்பது இதன் பெயர். நம் எடுத்துக்காட்டில் ஆய்வுகளுக்கிடையிலான மாறுபாடு 3.07 என்று வருகிறது. அதைச் சேர்த்ததும் விடை 2.86-இலிருந்து 3.68-ஆக உயர்கிறது, நம்பிக்கை இடைவெளி 0.72 முதல் 6.64 வரை விரிகிறது. இடைவெளி விரிந்ததை எல்லோரும் கவனிப்பார்கள். விடை நகர்ந்ததைக் கவனிப்பவர் குறைவு. முதல் மாதிரியில் 5 சதவீதத்துக்கும் குறைவான எடை பெற்றிருந்த சிறிய ஆய்வு இப்போது 12 சதவீதம் பெறுகிறது. 76 சதவீதம் பெற்றிருந்த பெரிய ஆய்வு 56-க்கு இறங்குகிறது. வேறுபாட்டை மதிக்கும் பணிவான மாதிரி என்று பெயர் பெற்ற இது, சிறிய ஆய்வுகளின் குரலை உயர்த்துகிறது. சிறிய ஆய்வுகள் உண்மை நிலையை நேர்மையாகப் பிரதிபலிக்கும்வரை அதில் கேடில்லை.

மக்னீசியத்தின் கதை இங்கேதான் வருகிறது. மாரடைப்பு நோயாளிகளுக்கு சிரை வழியே மக்னீசியம் செலுத்துவது பற்றிய ஏழு சிறிய சோதனைகளை 1991-இல் சேர்த்தபோது, சிகிச்சை பெற்ற 657 பேரில் 25 பேரும் பெறாத 644 பேரில் 53 பேரும் இறந்திருந்தனர். இறப்பின் வாய்ப்பு விகிதம் (இறந்தவர்களைப் பிழைத்தவர்களால் வகுத்து இரு பிரிவுகளையும் ஒப்பிடும் அளவு) பாதிக்கும் மேல் குறைந்ததாகக் கணக்கு வந்தது. மறு ஆண்டு 2,316 பேரைக் கொண்ட சோதனை ஒன்றும் இறப்பு 24 சதவீதம் குறைவதாகக் காட்டியது. பிறகு 1995-இல் 58,050 பேரைக் கொண்ட ஐசிஸ்-4 சோதனையின் முடிவு வந்தது: மக்னீசியம் பெற்றவர்களில் 7.64 சதவீதம் பேர் இறந்தனர், பெறாதவர்களில் 7.24 சதவீதம். பயன் மறைந்துவிட்டது. எல்லாச் சோதனைகளையும் ஒன்றாகச் சேர்த்தால் நிலைவிளைவு மாதிரி, ஐசிஸ்-4-இன் பாரத்தால், பயனில்லை என்கிறது; சமவாய்ப்பு விளைவு மாதிரியோ சிறிய சோதனைகளுக்கு இடம் கொடுத்து, பயன் உண்டு என்றே சொல்கிறது. மருந்து தரப்பட்ட நேரம் தாமதமானது என்று சிலர் ஐசிஸ்-4-ஐக் குறை சொன்னார்கள். அந்த விவாதம் எப்படிப் போனாலும், ஒரே தரவிலிருந்து எதிரெதிர் விடைகளைத் தரும் இரு மாதிரிகளில் எது சரி என்பதைத் தரவு சொல்லாது என்பது வெளிச்சமானது.

முதல் ஏழு சோதனைகள் எப்படி ஏமாற்றின? அவற்றை நடத்தியவர்கள் பொய் சொன்னார்கள் என்று கொள்ள வேண்டியதில்லை. சிறிய சோதனையில் தற்செயலின் ஆட்டம் அதிகம். நல்ல விடை வந்தது அச்சாகும், வராதது மேசை இழுப்பறையில் தங்கிவிடும். 1979-இல் ராபர்ட் ரோசென்தால் இந்தச் சிக்கலுக்கு இழுப்பறையின் பெயரையே வைத்தார். ஒவ்வோர் ஆய்வின் விளைவைக் கிடைக்கோட்டிலும் துல்லியத்தைச் செங்குத்துக் கோட்டிலும் குறித்தால், தலைகீழாக வைத்த புனல் போல் புள்ளிகள் இருபுறமும் ஒத்து விரிய வேண்டும். ஒருபக்க அடிவாரம் மட்டும் காலியாக இருந்தால், அங்கே இருந்திருக்க வேண்டிய ஆய்வுகள் வெளிவரவில்லையோ என்று ஐயப்படலாம். மத்தியாஸ் எக்கரும் அவர் குழுவினரும் 1997-இல் இந்த ஒத்திசைவின்மைக்கு ஒரு சோதனை வகுத்தார்கள். அது உதவும், ஆனால் ஆய்வுகள் பத்துக்கும் குறைவாக இருந்தால் அதன் திறன் மிகக் குறைவு. காலியிடத்துக்கு வேறு காரணங்களும் இருக்கலாம்.

இழுப்பறைக்குள் என்ன இருந்தது என்பது அபூர்வமாகவே வெளியே தெரியும். மனச்சோர்வு மருந்துகளின் விஷயத்தில் தெரிந்தது. அமெரிக்காவில் மருந்துக்கு அனுமதி பெற விரும்பும் நிறுவனங்கள் தம் சோதனைகளை உணவு மற்றும் மருந்து நிர்வாகத்திடம் பதிவு செய்தாக வேண்டும் என்பதால், எரிக் டர்னரும் உடனுழைத்தவர்களும் அந்தப் பதிவுகளையும் அச்சான கட்டுரைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து 2008-இல் ஒப்பிட்டார்கள். 74 சோதனைகளில் 38 சாதகமானவை என்று நிர்வாகம் மதிப்பிட்டிருந்தது. அவற்றில் ஒன்று தவிர எல்லாமே அச்சாகியிருந்தன. மற்ற 36-இல் 22 அச்சாகவே இல்லை. 11 சாதகமானவை போன்ற தொனியில் அச்சாகியிருந்தன. மூன்றுதான் உள்ளபடி வெளிவந்திருந்தன. இதழ்களை மட்டும் வாசித்தவருக்கு 94 சதவீதச் சோதனைகள் வெற்றி. பதிவேட்டைப் பார்த்தவருக்கு 51 சதவீதம். மருந்துகளுக்குப் பயனே இல்லை என்பது இதன் பொருளல்ல. பயனின் அளவு ஊதிப் பெருக்கப்பட்டிருந்தது.

கணக்கின் அடிப்படைக் குறை இதுதான் என்று நினைக்கிறேன். எடையிடும் வாய்ப்பாட்டுக்குத் திட்டப்பிழை ஒன்று மட்டுமே தெரியும். திட்டப்பிழை தற்செயலின் அளவு. ஆய்வில் சேர்ந்தவர்களைத் தேர்ந்தெடுத்த விதத்தில் கோணல் இருந்தால், இடையில் விலகியவர்களைக் கணக்கிலிருந்து விட்டிருந்தால், பத்து அளவீடுகளில் நன்றாக வந்த ஒன்றை மட்டும் அறிவித்திருந்தால், அது எதுவும் அந்த எண்ணில் பதிவாகாது. தற்செயல் பிழை எந்தப் பக்கமும் சாயாதது என்பதால் ஆய்வுகளைச் சேர்க்கச் சேர்க்க ஒன்றையொன்று அடித்துக் குறைகிறது. ஒருபக்கச் சாய்வு அப்படிக் குறைவதில்லை. எல்லா ஆய்வுகளும் ஒரே பக்கம் சாய்ந்திருந்தால், சேர்த்த விடையும் அதே அளவு சாய்ந்திருக்கும்; அதன் நம்பிக்கை இடைவெளி மட்டும் மேலும் மேலும் குறுகும். மன உறுதி பயன்படுத்தப் பயன்படுத்தத் தீர்ந்துபோகும் என்ற உளவியல் கருத்துக்கு 2010-இல் 198 சோதனைகளைச் சேர்த்து 0.62 திட்டவிலக்கம் என்ற வலுவான விளைவு அளவைக் காட்டினார்கள். 2016-இல் 23 ஆய்வகங்கள் முன்கூட்டியே பதிவு செய்த ஒரே செய்முறையை 2,141 பேரிடம் நடத்தியபோது வந்தது 0.04.

அதனால்தான் தரமான மெட்டா பகுப்பாய்வில் கணக்குப் போடும் நேரம் மிகச் சிறியது. இன்றைய மென்பொருளில் அது சில நொடி வேலை. உழைப்பெல்லாம் அதற்கு முன் இருக்கிறது: எந்த ஆய்வுகள் சேரும், எவை சேரா என்பதை முடிவுகளைப் பார்ப்பதற்கு முன்பே எழுதிப் பதிவு செய்வது, அச்சாகாதவற்றையும் தேடுவது, ஒவ்வோர் ஆய்வையும் இரண்டு பேர் தனித்தனியே படித்து அதன் கோணல்களை மதிப்பிடுவது. 1993-இல் ஆக்ஸ்ஃபோர்டில் தொடங்கிய காக்ரேன் அமைப்பு இந்த ஒழுங்கை வழக்கமாக்கியது. அது பெயர் பெற்றது ஸ்காட்லாந்து மருத்துவர் ஆர்ச்சி காக்ரேனிடமிருந்து. மேலே சொன்ன புள்ளியியலாளர் காக்ரன் வேறு. 2005-இலிருந்து முன்னணி மருத்துவ இதழ்கள் முன்கூட்டியே பதிவு செய்யப்படாத மருத்துவச் சோதனைகளை ஏற்க மறுத்தன. இழுப்பறை முழுவதும் காலியாகவில்லை, ஆனால் அதில் என்ன இருக்கிறது என்ற பட்டியலாவது கிடைக்கத் தொடங்கியது.

இன்னும் ஒரு படி மேலே போய், சோதனைகள் நடந்துகொண்டிருக்கும்போதே, முடிவுகளைத் திரட்டுவதற்கு முன்பே, அவற்றைச் சேர்க்கும் திட்டத்தை வகுப்பதும் உண்டு. 2020-இல் கடுமையான கோவிட் நோயாளிகளுக்கு ஸ்டீராய்டு தருவது பற்றிய ஏழு சோதனைகளை உலக சுகாதார நிறுவனத்தின் ஒருங்கிணைப்பில் அப்படித்தான் சேர்த்தார்கள். ஸ்டீராய்டு பெற்ற 678 பேரில் 222 பேர் 28 நாட்களில் இறந்தனர். பெறாத 1,025 பேரில் 425 பேர். முன்பே தேர்ந்தெடுத்திருந்த நிலைவிளைவு மாதிரியில் இறப்பின் வாய்ப்பு விகிதம் 0.66, நம்பிக்கை இடைவெளி 0.53 முதல் 0.82 வரை, பயன் ஐயத்துக்கிடமில்லை. சமவாய்ப்பு விளைவு மாதிரியில் 0.70, இடைவெளி 0.48 முதல் 1.01 வரை, பயனின்மையைக் குறிக்கும் 1 என்ற கோட்டை மயிரிழையில் தொட்டுவிடுகிறது. ஏழே சோதனைகளை வைத்து, அதிலும் ஒன்று மட்டும் பாதிக்கும் மேல் எடை பெற்றிருக்கும்போது, ஆய்வுகளுக்கிடையிலான மாறுபாட்டைத் துல்லியமாகக் கணிக்க முடியாது. அந்த ஐயமே இடைவெளியை அவ்வளவு விரித்தது. எந்த மாதிரியை முதன்மையாகக் கொள்வது என்பதை எண்கள் வருவதற்கு முன்பே எழுதி வைத்திருந்ததால், தமக்குப் பிடித்த விடையைப் பிறகு தேர்ந்தெடுத்தார்கள் என்று அவர்களை எவரும் சொல்ல முடியவில்லை. கட்டுரையின் சுருக்கத்தில் இரண்டு எண்களையும் அடுத்தடுத்தே அச்சிட்டார்கள்.